எடிட்டரம்மாவும் என் புளியமரமும்

அவருடைய பெயரை நான் இங்கே எழுதப் போவதில்லை. மரியாதை கருதி என்று யாரும் நினைத்துக்கொள்ள வேண்டாம். கள்ளக்குறிச்சி, சின்னசேலம், சங்கராபுரம் பக்கம் அந்தக் காலத்தில் கல்யாணக் கேசட் வைத்திருந்த வீடுகளில் எல்லாம் அந்தப் பெயர் ஓடிவிட்டது. கறுப்பு அட்டையில் வெள்ளை எழுத்து. படம் முடிந்ததும் கடைசியாக, மற்றவர்கள் பெயரைவிடக் கொஞ்சம் பெரிதாக, கொஞ்சம் கூடுதல் நேரம் நிற்கும். அந்த அட்டையைச் சுவரில் சாய்த்து வைத்து, லைட் போட்டு, எழுத்து கலங்காமல் ஃபோகஸ் பண்ணிப் பிடித்தவன் நான்தான். அது போதாதா? இன்னொரு தடவை நானே எழுதவும் வேண்டுமா?

கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே இருந்த வீடியோ ஸ்டூடியோவில் நான் கேமராமேன். அவர் எடிட்டர். ஊரில் எல்லோருக்கும் எடிட்டரம்மா. எடிட்டர் என்றால் என்ன வேலை என்று தெரியாதவர்களும், ஏதோ டாக்டரம்மாவைச் சொல்வதுபோல, குரலைத் தாழ்த்தி 'எடிட்டரம்மா' என்றார்கள். என்னை 'வீடியோ' என்றார்கள். "வீடியோவுக்கு ஒரு எலை போடுப்பா" என்பார்கள் பந்தியில். அவருக்கு உயிர் இருந்தது, எனக்கு இல்லை.

அவர் வருவதற்கு முன்னால் நான் ராஜா. தோளில் வைக்கும் பெரிய கேமரா தாலுகாவிலேயே எங்களிடம்தான் முதலில் வந்தது. முகூர்த்த நாளில் நான் கூட்டத்துக்குள் நடந்தால் பெரிய மனிதர்கள் துண்டைச் சரிசெய்துகொண்டு நகர்ந்து வழிவிடுவார்கள். எடிட்டிங் என்ற பேச்சே கிடையாது. பெண் அழைப்பில் ஆரம்பித்து எச்சில் இலை எடுப்பதுவரை பிடித்ததை அப்படியே பதிந்து கொடுத்துவிடுவோம். "எங்க வூட்டு கல்யாணம் மூணு கேசட்டு" என்று சொல்லிக்கொள்வதில் அவர்களுக்கும் பெருமை. யாருக்கும் ஒரு குறையும் இல்லை.

பிறகு இவர் வந்தார். கணவர் கல்வராயன் மலையில், வெள்ளிமலை ஆஸ்பத்திரியில் கம்பவுண்டர். அந்த மனிதருக்கு மலைக்கு மாற்றலாகி வந்ததால் இவரும் கோடம்பாக்கத்தை விட்டுவிட்டு வந்திருந்தார். மலையில் அவருக்குப் பொழுது போகவில்லை. ஒருநாள் கீழே இறங்கி வந்து, முதலாளியின் மேசைக்கு முன்னால் நின்று, "நான் சினிமாவுல எடிட்டிங்ல இருந்தவ. இங்க வேல இருக்கா?" என்று கேட்டார். நாற்பதைத் தாண்டியவர். மூக்குக்கண்ணாடியைக் கழுத்தில் கயிறு கட்டித் தொங்கவிட்டிருந்தார். வாயில் எப்போதும் ஒரு கிராம்பு.

முதலாளி என்னிடம் ஒரு கேசட்டைப் போட்டுக்காட்டச் சொன்னார். நான் எடுத்ததில் நல்லது என்று நானே நம்பிய ஒரு ரிஷிவந்தியம் கல்யாணத்தைப் போட்டேன். ஊர்வலம், மேளம், மாப்பிள்ளை குதிரையில். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தார். ரொம்ப நேரம் கழித்து என் பக்கம் திரும்பி ஒரே ஒரு வார்த்தை கேட்டார்.

"வேற?"

இதுதான் அவரிடம் எனக்குக் கிடைத்த முதல் பாராட்டு. பிறகு பல வருடம் இதைக் கேட்டேன். நான் எதைக் கொண்டுபோய்ப் போட்டாலும், முன்னால் ஓடுவதில் ஒன்றுமே இல்லாததுபோல, "வேற?" என்பார். சமையல்காரனிடம் சாம்பார் வாங்கிக்கொண்டே ரசம் இருக்கிறதா என்று கேட்கும் ஆள் உண்டே, அந்தத் தோரணை.

அவருடைய சினிமா வாழ்க்கையை அவர் வரிசையாகச் சொன்னதே இல்லை. சொல்வதிலும் வெட்டித்தான் சொல்வார். பாவாடை தாவணி வயதில் ஒரு லேபில் நெகடிவ் ஒட்டும் வேலைக்குப் போயிருக்கிறார். அங்கிருந்து ஒரு எடிட்டரிடம் அசிஸ்டென்ட். அந்த எடிட்டருக்குப் பார்வை மங்கிக்கொண்டே வந்தது. அதை வெளியே சொன்னால் படம் வராது. அதனால் இந்த அம்மா வெட்டுவார், அவர் பக்கத்தில் உட்கார்ந்து மூக்குப்பொடி போடுவார். சண்டைப் படம், சாமி படம், அண்ணன் தங்கை படம் என்று இருபது வருடம். எல்லாவற்றிலும் அந்த எடிட்டர் பெயர்தான் வந்தது.

"ஒரு ஈரோ இருந்தான் தம்பி, அழவே தெரியாது. மூஞ்சி செவுரு மாதிரி நிக்கும். டைரக்டர் தலையில கைவச்சிக்கினு ஒக்காந்துட்டாரு. நான் இன்னா பண்ணேன், வேற சீனுக்காக எடுத்து வச்சிருந்த மாடு ஒன்னு, தொட்டில தண்ணி இல்லாம தொட்டிய நக்கும், அத அவன் மூஞ்சிக்கு நடுவுல போட்டேன். மறுபடி அவன் மூஞ்சி. தியேட்டர்ல பொம்பளைங்க எல்லாம் அழுதாங்க. அவனுக்கு நல்ல நடிகன்னு பேரு வந்துடுச்சி."

இதைச் சிரிக்காமல் சொல்வார். எனக்கு அந்த மாட்டைப் பிடித்த கேமராமேன் யார் என்று கேட்கத் தோன்றும். கேட்டதில்லை.

எடிட்டரம்மாவின் பெயர் ஒரே ஒரு தடவை வந்திருக்கிறது, வந்திருக்க வேண்டும். சென்னையில் டிவிக்கு ஒரு வாரத் தொடர் எடுத்தபோது, அதன் டைரக்டர் நல்ல மனிதர், எடிட்டிங் என்று இவர் பெயரையே போட்டுவிட்டாராம். இவர் தெருவில் உள்ள எல்லோரையும் கூட்டி வைத்துக்கொண்டு பார்த்திருக்கிறார். தொடர் முடிந்து பெயர்கள் மேலே ஏறின. நடிகர்கள் போனார்கள், இசை போனது, கேமரா போனது. எடிட்டிங் வருகிற நேரத்தில் செய்திக்கு மாற்றிவிட்டார்கள்.

இந்தக் கதையை முதலாளியிடம் அவர் சொல்லிக்கொண்டிருந்தபோது நான் பேட்டரி சார்ஜ் போட்டுக்கொண்டிருந்தேன். உண்மையைச் சொல்லிவிடுகிறேன், எனக்கு அன்று மத்தியானம் சோறு இரண்டு கை அதிகமாகவே இறங்கியது.

அதனால்தான் வேலைக்குச் சேரும்போதே சம்பளத்துக்கு முன்னால் பெயரைப் பேசினார். எல்லாக் கேசட்டிலும் வர வேண்டும், கடைசியில் வர வேண்டும், படிக்க முடிகிற அளவுக்கு நிற்க வேண்டும். முதலாளிக்கு இதில் நஷ்டம் ஒன்றுமில்லை. அட்டை எழுதும் ஆர்ட்டிஸ்ட் பஜாரிலேயே இருந்தார். என் பெயருக்கும் ஒரு அட்டை எழுதினார்கள். அது வந்துபோகும். கண்ணைச் சிமிட்டினால் இருக்காது. எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்று முடிவு செய்கிறவர் எடிட்டர் அல்லவா?

அவர் வந்த பிறகு மூன்று கேசட் கல்யாணம் ஒரு கேசட் ஆனது. சனங்கள் சண்டைக்கு வருவார்கள் என்று காத்திருந்தேன். வரவில்லை. மாறாக, திரும்பத் திரும்பப் பார்த்தார்கள். முன்பெல்லாம் கேசட் பீரோவுக்குள் போனால் வெளியே வராது. இப்போது பக்கத்து வீட்டுக்காரர்கள் இரவல் வாங்கிக்கொண்டு போனார்கள். "எடிட்டிங் யாரு?" என்று கேட்டுக்கொண்டு திருநாவலூரிலிருந்தெல்லாம் ஆள் வந்தார்கள். அதற்கு முன்னால் திருநாவலூரில் ஒருவருக்காவது எடிட்டிங் என்ற சொல் தெரியுமா?

அவரோடு சினிமாவுக்குப் போவது தண்டனை. நாங்கள் ஸ்டூடியோ ஆட்கள் எல்லோருமாகப் போவோம். ஏதாவது ஒரு இடத்தில் நாற்காலியைச் சத்தமாக மடக்கிவிட்டு எழுந்துவிடுவார். "இங்க முடிஞ்சிடுச்சி. இதுக்கு மேல சும்மா ஓட்றான்" என்று சொல்லிவிட்டுக் கிளம்பிவிடுவார். நாங்கள் மிச்சத்தைப் பார்ப்போம். பார்த்தால் சும்மாதான் ஓட்டியிருப்பான். அதற்குப் பிறகு எங்களாலும் ரசிக்க முடியாது. கல்யாண வீட்டிலும் அப்படித்தான், இலையில் பாயசம் வருவதற்கு முன்பே எழுந்துவிடுவார். யாராவது தன் துக்கத்தைச் சொல்லி அழ ஆரம்பித்தால், அழுகை உச்சத்துக்குப் போகிற நேரத்தில் கையைப் பிடித்து ஒரு அழுத்து அழுத்திவிட்டுக் கிளம்பிவிடுவார். அவர்கள் அவரை ரொம்ப நல்லவர் என்பார்கள். நான் கடைசிவரை உட்கார்ந்து கேட்பேன். என்னை யாரும் அப்படிச் சொன்னதில்லை.

ஒருமுறை மலை மேல் ஒரு ஊர்த் திருவிழாவுக்குப் போனேன். கச்சிராயபாளையம் தாண்டி பஸ் ஏற ஏற மேகம் ரோட்டுக்கே இறங்கிவந்தது. அதை நான் விடுவேனா? மரத்துக்கு நடுவில் மேகம், கோயிலுக்குப் பின்னால் மேகம், சாமை வயலின் மேல் மேகம் என்று ஒரு டேப் முழுக்கப் பிடித்தேன். அந்த அம்மா அத்தனையையும் எடுத்துவிட்டு, மேளத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கடுக்காய் பொறுக்கிக்கொண்டிருந்த ஒரு கிழவரை மட்டும் வைத்திருந்தார். நான் கேமராவை இடம் மாற்றும்போது தவறுதலாகப் பட்ட காட்சி அது. மலைக்காரர்களுக்குப் போட்டுக்காட்டியபோது அந்தக் கிழவர் வந்ததும் ஊரே சிரித்தது. சாமிக்கு வேண்டிய காரியத்தைக்கூட அவர் கடுக்காயை விட்டுவிட்டு வந்து செய்யமாட்டாராம். அதெல்லாம் அவர்களுக்குத் தெரிந்த விஷயம். இந்த அம்மாவுக்கு எப்படித் தெரிந்தது? கேட்டால், "மேகத்த அவங்க தெனமும் பாக்கறாங்க தம்பி" என்றார்.

இப்படி நான் எரிந்துகொண்டிருந்தபோதுதான் அந்த மறியல் வந்தது.

படிப்பிலும் உத்தியோகத்திலும் தங்கள் பிள்ளைகளுக்கு இடம் ஒதுக்க வேண்டும் என்று கேட்டு, தென்னாற்காடு முழுக்க ஒரு வாரம் சாலைகளை மறித்தார்கள். இரண்டு பக்கமும் நின்ற புளியமரங்களை வெட்டிக் குறுக்கே சாய்த்தார்கள். பஸ் இல்லை, லாரி இல்லை. துப்பாக்கிச் சூடு, சாவு என்று செய்தி ஊருக்கு ஊர் வாய்வழியாக வந்துகொண்டிருந்தது. அந்த வாரத்தில் நைனார்பாளையத்தில் ஒரு கல்யாணம். தேதி முன்னாலேயே குறித்தது. மாப்பிள்ளை உள்ளூர் என்பதால் தள்ளிவைக்கவில்லை. நான் முந்தின நாளே கேமராவைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு வயல்வழியாகப் போய்ச் சேர்ந்துவிட்டேன். எடிட்டரம்மா பஸ் ஓடாததால் மலை மேலேயே மாட்டிக்கொண்டார். இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். அந்தக் கல்யாணத்தின்போது அவர் மலை மேல் இருந்தார்.

எல்லோரும் வந்துவிட்டார்கள், பெண்ணின் தாய்மாமன் மட்டும் வரவில்லை. பெண்ணின் அம்மாவுக்குக் கூடப்பிறந்தவர் அவர் ஒருவர்தான். சங்கராபுரம் பக்கத்து ஊர். தாய்மாமன் வந்து பெண்ணின் நெற்றியில் பட்டம் கட்ட வேண்டும்; அதற்குப் பிறகுதான் தாலி. அந்த அம்மாள் வாசலுக்கும் மணவறைக்கும் நடந்துகொண்டே இருந்தார். முகூர்த்தம் போகிறது என்று மாப்பிள்ளை வீட்டார் முணுமுணுத்தார்கள். கடைசியில் பெண்ணின் அப்பா, தன் மனைவிக்குச் சித்தப்பா மகனைக் கூப்பிட்டு நிறுத்திப் பட்டம் கட்டவைத்தார். தாலி கட்டியாயிற்று.

பந்தி நடந்துகொண்டிருந்தது. நான் ஒரு பீடி பிடிக்கலாம் என்று மெயின் ரோட்டுக்கு வந்தேன். கேமராவை யாரை நம்பி விட்டுவிட்டு வருவது? அது தோளில்தான் இருந்தது. ரோட்டில் ஈ காக்கை இல்லை. கண்ணுக்கு எட்டிய வரை வெட்டிப் போட்ட புளியமரங்கள். தூரத்தில் ஒரு ஆள், தலையில் மஞ்சள் துணி மூடிய சீர்த்தட்டு, தனியாக வந்துகொண்டிருந்தார்.

பீடியைப் போட்டுவிட்டுக் கேமராவை ஓடவிட்டேன். ஒவ்வொரு மரத்துக்கும் நின்றார். தட்டைத் தலையிலிருந்து இறக்கி மரத்தின்மேல் வைத்தார். சரியாமல் இருக்கிறதா என்று ஒரு தட்டுத் தட்டிப் பார்த்தார். வேட்டியைத் தூக்கிக்கொண்டு ஏறி, அந்தப் பக்கம் குதித்து, திரும்பித் தட்டை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டார். அடுத்த மரம். மறுபடி அதே. எனக்குப் பக்கத்தில் கிடந்த கடைசி மரத்தில் தட்டை வைத்துவிட்டு உடனே ஏறவில்லை. வெட்டுப்பட்ட இடத்தில், கோடாலி விழுந்த பள்ளத்தில் உள்ளங்கையை வைத்துக்கொண்டு நின்றார். கைகூட ஆடாமல் அத்தனையும் பிடித்தேன். என் வாழ்நாளில் நான் எடுத்த ஒரே நல்ல காட்சி அது. எடுக்கும்போதே எனக்குத் தெரியும்.

மரத்தைத் தாண்டி என்னிடம் வந்தார். "மோளம் கேக்கலியே... தாலி கட்டியாச்சா?" என்றார். நான் கண்ணைக் கேமராவிலிருந்து எடுக்கவில்லை. என்னைத் தாண்டி நடந்தார். பின்னாலேயே போனேன்.

பந்தல் வாசலில் நின்று பார்த்தார். பெண்ணின் நெற்றியில் வேறொருவர் கட்டிய பட்டம். தங்கை ஓடிவந்தார். தட்டைத் தங்கையின் கையில் கொடுத்துவிட்டுத் திரும்பிவிட்டார்.

"அண்ணே, ஒரு வாய் துன்னுட்டு போண்ணே" என்று அந்த அம்மாள் பின்னாலேயே வந்தார்.

"அதான் எனக்கு பதிலா ஒருத்தன் கீறானே. அவனுக்கு போடு" என்றார் அண்ணன்.

தங்கைக்கும் ரோஷம் வந்துவிட்டது. "மரம் வெட்ட நேரம் இருந்துச்சி, எம்பொண்ணுக்கு பட்டம் கட்ட நேரமில்ல!" என்று கத்தினார். அப்போதுதான் எனக்கு விஷயம் தெரிந்தது. அண்ணன் தன் ஊரில் மறியலுக்கு முன்னால் நின்று தன் கையாலேயே மரம் வெட்டியவர். முந்தின நாள் புறப்பட்டால் போதும் என்று நினைத்திருக்கிறார். தன் ஊரில் வெட்டியதுபோல நடுவில் இருக்கும் எல்லா ஊரிலும் வெட்டியிருப்பார்கள் என்று அந்த மனிதருக்குத் தோன்றவே இல்லை. அன்று போனவர், இனி தங்கை வீட்டு வாசற்படி மிதிப்பதில்லை என்று சொல்லி அனுப்பிவிட்டார்.

தீபாவளிக்கு முன்னால் பெண்ணின் அம்மா ஸ்டூடியோவுக்கு வந்தார். பெண்ணுக்குத் தலைதீபாவளி. தாய்மாமன் வராமல் எப்படி?

"எங்கண்ணன் முன்னாடியே வந்துட்ட மாதிரி போட்டுடுங்கம்மா" என்றார் எடிட்டரம்மாவிடம். "அந்த ஆளு பட்டம் கட்டுறத எடுத்துட்டு, எங்கண்ணன் கட்டுன மாதிரி."

"கட்டுனாரா?"

"எங்க கட்டுச்சி... தட்ட என் கையில குடுத்துட்டு போயிடுச்சி."

"கட்டாதத நான் எப்பிடி போடறது?"

"சினிமால போடறீங்க இல்ல?"

"சினிமால அண்ணன் தங்கச்சி கெடையாதும்மா. எல்லாம் நடிக்க வந்தவங்க" என்றார் எடிட்டரம்மா.

அந்த அம்மாள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டார். "எனக்குன்னு இருக்கறது அது ஒன்னுதாம்மா. கேசட்டுலயாவது அதுக்கு எடம் குடுங்க. அப்பறம் நான் போயி கால்ல வுழுந்தாவது கூட்டியாந்துடறேன்."

எடிட்டரம்மா அவர் கையைப் பிடித்து ஒரு அழுத்து அழுத்திவிட்டு உள்ளே போய்விட்டார். நான் பின்னாலேயே போய், என் காட்சியைச் சொன்னேன். அந்த மனிதர் மரம் மரமாகத் தாண்டி வருவதை முழுசாக, வெட்டாமல், அப்படியே போட்டால் போதும் என்றேன். அவர் டேப்பைப் போட்டுப் பார்த்தார். மெயின் ரோட்டில் ஆரம்பித்துப் பந்தல் வாசல் வரை முழுசாகப் பார்த்தார்.

"வேற?" என்றார்.

அவர் கழுத்தை நெரித்திருப்பேன்.

"முழுசா போட்டா ஒரு ஆளு நடந்து வர்றாரு. அவ்ளோதான தம்பி" என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார். இரண்டு டெக்கை ஒயரால் கோத்து, ஒன்றில் ஓடவிட்டு இன்னொன்றில் பதிகிற வேலை. ஒரு இடத்தில் பிசகினால் அந்தத் துண்டை மறுபடி முதலிலிருந்து பதிய வேண்டும். உள்ளே கெட்டிமேளம் திரும்பத் திரும்பக் கேட்டது. நிற்கும், மறுபடி முதலிலிருந்து வரும். சாயங்காலம்வரை அதே மேளம். பஜாரே எரிச்சலடைந்தது.

அண்ணன் தங்கை வீட்டுக்கு வரமாட்டார் என்பதால், பத்து நாள் கழித்து டிவி டெக்கை அவர் ஊருக்கே கொண்டுபோவது என்று முடிவானது. எடிட்டரம்மா சனிக்கிழமை ஆனதால் மலைக்குப் போய்விட்டார். நானும் அந்த அம்மாளும் வேனில் போனோம். சாயங்காலம் நடுத்தெருவில் டிவியை வைத்தோம். தெரு கூடிவிட்டது. அண்ணன் உள்ளே, கயிற்றுக்கட்டிலில், தெருவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார். தங்கை படியேறவில்லை. கேசட்டுக்குள் என்ன இருக்கிறது என்று எனக்கும் தெரியாது.

பெண் அழைப்பு, நலங்கு எல்லாம் போயிற்று. பட்டம் கட்டுவது வரவே இல்லை. நேராக மணவறை. மாப்பிள்ளை தாலியைக் கையில் வாங்குகிறார். கெட்டிமேளம் எழும்புகிறது. அந்த இடத்தில், மேளம் அறுபடாமல் அப்படியே ஓட, படம் ரோட்டுக்குப் போனது. அண்ணன் தட்டை மரத்தின்மேல் வைக்கிறார். மணவறை, முதல் முடிச்சு. ரோடு, தட்டைத் தட்டிப் பார்க்கிறார். இரண்டாவது முடிச்சு. வேட்டியைத் தூக்கிக்கொண்டு ஏறுகிறார். மூன்றாவது முடிச்சு. எல்லோரும் அட்சதை போடுகிறார்கள். கோடாலி விழுந்த பள்ளத்தில் அண்ணனின் உள்ளங்கை. மேளம் அந்தக் கையின்மேல்தான் நின்றது.

அங்கே நின்றவர்களில் பாதிப் பேர் மரம் வெட்டியவர்கள்.

அண்ணன் எப்போது வெளியே வந்து நின்றார் என்று நான் பார்க்கவில்லை. "அத திரும்ப போடு" என்று குரல் கேட்டது. பின்னால் ஓட்டிப் போட்டேன். வாசற்படியில் நின்றபடியே பார்த்தார்.

"எனக்கு இந்த மோளம் கேக்கலம்மா" என்றார் தங்கையைப் பார்த்து. "நடந்துக்கினே இருந்தேன். காத காத வச்சி கேட்டுக்கினே வந்தேன். கேக்கல." வாயைத் துண்டால் பொத்திக்கொண்டார். தங்கை படியேறிப் போய் அவர் காலடியில் உட்கார்ந்துவிட்டார். அழுகை அடங்கியதும் அண்ணன், "தீவாளிக்கு வந்துடறேன். வா, வந்து துன்னு" என்று உள்ளே கூட்டிக்கொண்டு போனார்.

தெரு கலைந்தது. ஒரு பெரியவர் பக்கத்தில் நின்றவரிடம் சொல்வது காதில் விழுந்தது: "அங்க தாலி கட்றாங்க, இங்க இவரு வர்றாரு. ரெண்டயும் ஒரே நேரத்துல எப்பிடி புடிச்சாங்க? அந்த எடிட்டரம்மா ரோட்டுக்குன்னு தனியா ஒரு கேமரா அனுப்பிச்சிருக்கும்." மலை மேல் பஸ் இல்லாமல் உட்கார்ந்திருந்த அம்மாள், கேமரா அனுப்பினாராம்! இரண்டையும் பிடித்த நான் அந்தப் பெரியவருக்கு எதிரே டெக்கின் ஒயரைச் சுற்றிக்கொண்டிருந்தேன். தாலி ஒரு நேரம், ரோடு ஒரு நேரம், இரண்டுக்கும் நடுவில் ஒரு பந்தியே முடிந்தது என்று உலகத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

கிளம்பும்போது அண்ணன் ஒரு தட்டைக் கொண்டுவந்து என் கையில் கொடுத்தார். புடவை, தேங்காய், பழம், வெற்றிலை பாக்கு, பூ. தங்கைக்கு வைக்கிற வரிசை.

"எடிட்டரம்மாவுக்கு" என்றார். "வெத்தல வாடறதுக்குள்ள குடுத்துடு."

மறுநாள் காலை முதல் பஸ்ஸில் வெள்ளிமலைக்கு ஏறினேன். மடியில் தட்டு. ஒவ்வொரு வளைவிலும் தேங்காய் உருண்டு என் வயிற்றில் இடித்தது. "யாருக்குங்க சீரு?" என்று ஏறியவர்கள் எல்லோரும் கேட்டார்கள். ஒவ்வொருவருக்கும் நான் எடிட்டரம்மாவின் பெயரைச் சொல்லிக்கொண்டே போனேன்.

ஆஸ்பத்திரிக் குடியிருப்பின் வாசலில் எடிட்டரம்மா சாமையைக் காயவைத்துவிட்டு, கோழி விரட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். தட்டை வைத்தேன். நடந்ததைச் சொன்னேன். வெட்டிச் சொல்ல எனக்குத் தெரியாது. வேனில் ஏறியதிலிருந்து சொன்னேன். அவர் பூவை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டார். முகம் மலர்ந்திருந்தது. ஒரு அடக்கத்துக்காகவாவது, 'நீ எடுத்ததாலதான் தம்பி' என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

"மிச்சத்த பத்திரமா வச்சிருக்கீங்களா?" என்று கேட்டேன்.

"எந்த மிச்சம்?"

"அந்தாளு தூரத்துலருந்து நடந்து வர்றது. எல்லா மரமும். முழுசா."

"அந்த டேப்புலதான போன வாரம் சின்னசேலம் கல்யாணம் புடிச்சிக்கினு வந்த. மொதலாளி உன் கையிலதான குடுத்தாரு?"

கோழி ஒன்று சாமைக்குள் இறங்கியது. அவர் அதை விரட்டினார். நான் எடுத்ததில் இனி உலகத்தில் மிஞ்சியிருப்பது அவர் வைத்துக்கொண்ட அந்த நாலைந்து துண்டுகள்தான்.

"முழுசா இருந்திருந்தா அந்த மேளம் தேவைப்பட்டிருக்காது" என்றேன். ஏதாவது சொல்ல வேண்டுமே என்று சொன்னேன்.

"அதுல அவரு உங்கிட்ட ஒன்னு கேட்டாரு இல்ல? மோளம் கேக்கலியேன்னு. டேப்புல இருந்துச்சி" என்றார் அவர், கோழியிலிருந்து கண்ணை எடுக்காமல். "அதான் அவருக்கு கேக்கட்டும்னு வுட்டேன்."

பஸ் வர நேரம் இருந்தது. அதுவரை அங்கே உட்கார முடியாமல் எழுந்து ரோட்டுக்கு வந்து நின்றேன். அன்று அந்தக் கடைசி மரத்துக்குப் பக்கத்தில் நின்றவன் நான். அந்த மனிதர் என் முகத்தைப் பார்த்துத்தான் கேட்டார். பதில் சொன்னது எடிட்டரம்மா. இதை எப்படிப் பொறுத்துக்கொள்வது, நீங்களே சொல்லுங்கள்.